ஒன்பது மான்கள்

ஹவாய் அமெரிக்காவின் ஐம்பதாவது மாநிலமான அதே 1959-ஆம் ஆண்டில், மௌயி தீவின் வறண்ட மலைச்சரிவில் ஐந்து புள்ளிமான்களைத் திறந்துவிட்டார்கள். அடுத்த ஆண்டு இன்னும் நான்கு. மொத்தம் ஒன்பது. தீவுவாசிகளுக்கு வேட்டையாட ஒரு நல்ல விலங்கு வேண்டும் என்று அரசே செய்த ஏற்பாடு இது. இன்றைக்கு அந்தத் தீவில் பல்லாயிரம் மான்கள் மேய்கின்றன.

ஒன்பது எப்படிப் பல்லாயிரமானது என்று வியப்பவர்கள் ஒரு தாளும் பென்சிலும் எடுத்துக்கொள்ளலாம். நல்ல மேய்ச்சலும் தொந்தரவின்மையும் கிடைத்தால் புள்ளிமான் கூட்டம் ஆண்டுக்கு 20 முதல் 30 சதவீதம் பெருகும். நடுவில் 25 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். பத்தாம் ஆண்டில் ஒன்பது மான் எண்பத்து நான்காகிறது. யாரும் கவலைப்படமாட்டார்கள். இருபதாம் ஆண்டில் சுமார் 780. வேட்டைக்காரர்களுக்கு மகிழ்ச்சி. முப்பதாம் ஆண்டில் 7,000-ஐத் தாண்டுகிறது, தோட்டக்காரர்கள் முணுமுணுக்கத் தொடங்குகிறார்கள். நாற்பதாம் ஆண்டில் சுமார் 68,000. கந்துவட்டி வாங்கியவருக்கு இந்தக் கணக்கு புதிதாக இருக்காது. முதல் பல வருடங்கள் ஒன்றும் நடக்காதது போலவே இருக்கும். பசி, வறட்சி, துப்பாக்கி எல்லாம் குறுக்கே வருவதால் உண்மையான பெருக்கம் இவ்வளவு ஒழுங்காக நடப்பதில்லை. ஆனால் போகும் திசை இதுதான்.

இந்த மான் நம்மூர் மான். முதுமலைச் சாலையில் பேருந்தின் ஜன்னல் வழியே பார்க்கிறோமே, அதே இனம். அங்கே அது ஏன் இப்படி வெடித்துப் பெருகவில்லை என்பதை முதலில் பார்த்துவிட்டால் ஹவாயின் கதை எளிதில் விளங்கும்.

புள்ளிமானுக்குக் குறிப்பிட்ட இனப்பெருக்கப் பருவம் என்று கண்டிப்பாக எதுவும் இல்லை. குளிர்நாட்டு மான்களுக்கு இலையுதிர்காலத்தில்தான் கூடல், வசந்தத்தில்தான் குட்டி. புள்ளிமானோ ஆண்டின் எந்த மாதத்திலும் ஈனக்கூடியது. சில மாதங்களில் கூடுதலாக, சிலவற்றில் குறைவாக. ஒரே மந்தையில் ஒரு கலைமானுக்கு முற்றிய கொம்பும், இன்னொன்றுக்கு மெல்லிய தோல் மூடி இளசாக வளரும் கொம்பும், மூன்றாவதற்குக் கொம்பு உதிர்ந்த வெறும் தலையும் இருப்பதை நாம் பார்ப்பது இதனால்தான். சினைக்காலம் ஏறக்குறைய எட்டு மாதம். பெரும்பாலும் ஒரு குட்டிதான். பிணை ஒரு வயதை ஒட்டியே சினைபிடிக்கத் தயாராகிவிடும். புல்லும் மேயும், தழையும் கடிக்கும், உதிர்ந்த பழத்தையும் விடாது. மந்திகள் மரத்தில் இருந்து தின்று சிந்தும் இலைகளுக்காக அடியில் காத்துநிற்கும் புள்ளிமான்களை நம் காடுகளில் சாதாரணமாகக் காணலாம்.

இப்படி எளிதில் ஈன்று, கிடைத்ததைத் தின்று வாழும் உடம்பு சும்மா உருவானதல்ல. அதைத் தின்ன ஆட்கள் ஏராளம். புலி, சிறுத்தை, செந்நாய் மூன்றும் ஒரே காட்டில் அதன்மேல் கண்வைத்திருக்கின்றன. நாங்குநேரியில் பிறந்து, சிவகாசியில் கல்லூரி ஆசிரியராக இருந்த ஏ.ஜே.டி. ஜான்சிங், 1970-களின் பிற்பகுதியில் பந்திப்பூரில் செந்நாய்களைப் பின்தொடர்ந்து ஆராய்ந்தார். காட்டில் சுதந்திரமாகத் திரியும் பெரிய பாலூட்டி ஒன்றை இந்தியர் ஒருவர் இப்படிக் களத்தில் ஆராய்ந்தது அதுவே முதல்முறை. செந்நாய்களின் முதன்மை உணவு புள்ளிமான் என்பதை அவருடைய வேலை தெளிவாகக் காட்டியது. புலிக்குக் கடமானும் காட்டெருதும் போன்ற பெரிய இரை விருப்பம்; சிறுத்தையும் செந்நாயும் புள்ளிமான் அளவுள்ள உருவங்களை அதிகம் நம்பியிருக்கின்றன. குட்டிகளில் பெரும்பங்கு வளர்ந்து முதிர்வதே இல்லை. செந்நாய்க் கூட்டம் ஒரு மான்குட்டியைச் சில நிமிடங்களில் தின்று முடித்துவிடும். அங்கே ஒரு மான் இருந்தது என்று சொல்ல அடையாளம்கூட மிஞ்சாது.

ஆகவே புள்ளிமானின் கருப்பை வேகமும் செந்நாயின் கால் வேகமும் ஒன்றையொன்று பார்த்து வளர்ந்தவை. ஹவாய்க்குப் போன கப்பலில் ஏறியது முதலாவது மட்டும்.

அந்தக் கப்பல் மௌயிக்கு மான் வருவதற்குத் தொண்ணூறு ஆண்டுகளுக்கு முன்பே வந்துவிட்டது. ஹவாய் அப்போது தனி முடியாட்சி. மன்னர் ஐந்தாம் கமேஹமேஹாவுக்குப் பரிசாக, இந்தியாவில் பிடிக்கப்பட்ட ஏழெட்டு மான்கள் ஹாங்காங் வழியாகக் கொண்டுவரப்பட்டு, 1868-இல் மொலோகாய் தீவில் விடப்பட்டன. மன்னரின் மான்கள் என்பதால் யாரும் தொடக்கூடாது. கரைக்கு வந்த முதல் சில ஆண்டுகளில் ஒரு சிறு மந்தைக்கு இதைவிட வேறென்ன வேண்டும்? அந்த நூற்றாண்டு முடிவதற்குள் அவை ஆயிரக்கணக்கில் பெருகி, மலைக்காட்டைத் தின்னத் தொடங்கி, கூலிக்கு வேட்டைக்காரர்களை வரவழைத்துச் சுடவேண்டிய நிலை வந்தது. பாடம் அப்போதே கிடைத்துவிட்டது என்று நினைப்போம். 1920-இல் மொலோகாயிலிருந்து பக்கத்துத் தீவான லானாய்க்கு மான்கள் போயின. 1959-இல் மௌயிக்கு. ஒரு பாடம் எத்தனை முறை கிடைத்தாலும் போதாது என்பதில் அரசுத் துறைகளின் வரலாறு எல்லா நாட்டிலும் ஒன்றுபோலத்தான் இருக்கிறது.

ஹவாய் தீவுகள் கடலுக்குள் எரிமலை எழும்பி உண்டானவை. மிக அருகில் உள்ள கண்டக் கரையே மூவாயிரம் கிலோமீட்டருக்கும் அப்பால். தானாக வந்துசேர்ந்த நிலவாழ் பாலூட்டி என்று இன்று இருப்பது ஒரே ஒரு வௌவால். காற்றில் வந்த விதை, பறவையின் காலில் ஒட்டி வந்த விதை, கடலில் மிதந்துவந்த விதை இவற்றிலிருந்து அங்கே ஆயிரத்துக்கும் மேற்பட்ட செடியினங்கள் கிளைத்தன. அவற்றைக் கடிக்கக் குளம்புள்ள விலங்கு ஒன்றும் இல்லை. முள்ளை வளர்ப்பதும் இலையில் கசப்பை ஊறவைப்பதும் செடிக்குச் செலவுபிடிக்கும் வேலை. தேவையில்லாத இடத்தில் அந்தச் செலவைக் குறைத்த செடிதான் முந்தும். ஹவாயின் காட்டு ராஸ்பெரிக்கு முள் மிகக் குறைவு. அங்குள்ள புதினாக் குடும்பச் செடிகள் பலவற்றில் புதினாவின் நெடியே இல்லை. மேய்ச்சல் விலங்கின் பார்வையில் இது திறந்துகிடக்கும் சோற்றுப்பானை.

மான் வருவதற்கு முன்பே ஆடு, மாடு, பன்றி எல்லாம் கப்பலில் வந்து தங்கள் பங்குக்கு வேலையைத் தொடங்கியிருந்தன. மானை மட்டும் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவது நியாயமாகாது. என்றாலும் ஆட்டையும் மாட்டையும் தடுக்கும் வேலி மானைத் தடுக்காது. அதற்குக் குறைந்தது எட்டடி உயர வேலி வேண்டும். மலைமேல், எரிமலைப் பாறையில், சில இடங்களில் ஹெலிகாப்டரில் தூண்களை இறக்கி அப்படி வேலி போடுகிறார்கள். ஒரு கிலோமீட்டருக்கு ஆகும் செலவைக் கேட்டால் நம் வனத்துறை அதிகாரிகள் தலைசுற்றிப்போவார்கள்.

தாழ்வான வறண்ட பகுதிகளில் மான்கள் பகலில் படுத்துக்கிடப்பது கியாவே மரப் புதர்களில். கியாவே தென்னமெரிக்க மரம். நம்மூர் சீமைக்கருவேலத்தின் நெருங்கிய உறவு. இந்திய மானும் தென்னமெரிக்க முள்மரமும் பசிபிக் தீவொன்றில் சேர்ந்து குடித்தனம் நடத்துகின்றன. மரத்தின் காய்நெற்று மானுக்கு உணவு, மரத்தின் முள் மானுக்குக் காவல்.

சேதம் காட்டோடு நிற்பதில்லை. மொலோகாயின் தென்கரையை ஒட்டி நாற்பது கிலோமீட்டருக்கு மேல் நீளமான பவளப்பாறைத் திட்டு ஒன்று இருக்கிறது. மலைச்சரிவில் புல்லும் புதரும் கடிபட்டு மண் வெறுமையானால், அடுத்த பெருமழையில் அந்தச் செம்மண் சேறாக ஓடி நேரே பவளத்தின்மேல் படிகிறது. பவளத்துக்குள் வாழும் நுண்பாசிகளுக்கு வெளிச்சம் வேண்டும். சேறு அதை மறைத்துவிடும். பாறை செத்தால் மீன் குறையும். மீன்பிடித்துச் சாப்பிடும் குடும்பங்கள் அந்தக் கரையில் நிறைய. ஒரு மான் மலையில் புல் கடிப்பதற்கும் ஒருவர் வீட்டில் மீன் இல்லாமல் போவதற்கும் இடையே உள்ள தூரம் அந்தச் சிறிய தீவில் அவ்வளவு குறைவு. மான்களோடு சேர்ந்து காட்டாடுகளுக்கும் இதில் கணிசமான பங்குண்டு.

2020-21 வறட்சியில் இன்னொரு காட்சி. தின்னப் புல்லில்லாமல் மொலோகாயில் நூற்றுக்கணக்கில் மான்கள் செத்து விழுந்தன. எலும்பும் தோலுமாக வீதியோரங்களில் கிடந்தன. மௌயியில் அவை தோட்டங்களுக்குள்ளும் குடியிருப்புகளுக்குள்ளும் இறங்கின. 2021-இல் மாநில ஆளுநர் மான்களுக்காகவே அவசரநிலை அறிவித்தார். துப்பாக்கியால் மானைச் சுடுவது கொடுமை என்று நினைப்பவர்கள் இந்தக் காட்சியையும் தராசில் வைக்கவேண்டும். கொன்றுண்ணி இல்லாத இடத்தில் மான்கூட்டத்தைக் குறைக்கும் கடைசி ஆள் பசி. அது வாரக்கணக்கில் கொல்லும். கொல்லுமுன் நிலத்தையும் மொட்டையடித்துவிட்டுத்தான் கொல்லும்.

அப்படியானால் வேட்டையை அவிழ்த்துவிட்டால் தீர்ந்ததா? ஹவாயில் வேட்டைக்குத் தடை ஒன்றும் பெரிதாக இல்லை. அறுபது ஆண்டுகளாகச் சுட்டுக்கொண்டுதான் இருக்கிறார்கள். மானும் பெருகிக்கொண்டுதான் இருக்கிறது. இதில் ஒரு சூட்சுமம் உண்டு.

வேட்டைக்காரர் பலருக்குப் பிடித்தது கொம்புள்ள கலைமான். சுவரில் மாட்ட ஒரு தலை. ஆனால் ஒரு கலைமான் பல பிணைகளோடு கூடக்கூடியது. நூறு பிணைகள் உள்ள மந்தையில் கலைமான்களில் பாதியைச் சுட்டாலும், அடுத்த ஆண்டு பிறக்கும் குட்டிகளின் எண்ணிக்கை ஏறத்தாழ அப்படியே இருக்கும். கூட்டம் குறையவேண்டுமானால் பிணைகளைச் சுடவேண்டும். வயிற்றில் குட்டியோடு நிற்கும் பிணையைக் குறிபார்க்க வேட்டைக்காரரின் கையும் தயங்கும், மனமும் தயங்கும். அதிலும் ஒரு மந்தையைக் கொஞ்சமாகக் குறைத்தால் மிஞ்சியவற்றுக்குத் தலைக்கு அதிகப் புல் கிடைக்கும். குட்டிகள் அதிகமாகப் பிழைக்கும். அரைகுறை வேட்டை மந்தையைத் திடமாக்கிவிட்டுப் போகும். ஆண்டுக்கு 25 சதவீதம் பெருகும் பத்தாயிரம் மான்களை அதே அளவில் நிறுத்திவைக்கவே வருடத்துக்கு 2,500 சுடவேண்டும். குறைக்க அதற்கு மேல். ஓய்வுநாள் வேட்டையில் இது நடக்காது.

மானும் சும்மா இருப்பதில்லை. சத்தம் கேட்ட இடத்தை நினைவில் வைத்துக்கொள்ளும். வேட்டைக்கு அனுமதியுள்ள அரசு நிலத்தைவிட்டுத் தனியார் பண்ணைகளுக்குள் ஒதுங்கும். பகலில் புதர், இரவில் மேய்ச்சல் என்று நேரத்தை மாற்றிக்கொள்ளும். மந்தை சுருங்கச் சுருங்க மிச்சமிருப்பவை அதிக எச்சரிக்கையுள்ளவை. முதல் ஆயிரத்தைச் சுட ஆகும் உழைப்பு வேறு, கடைசி நூறைத் தேட ஆகும் உழைப்பு வேறு.

இதனால் மௌயியில் வேறொரு முறை வளர்ந்திருக்கிறது. இரவில், உடலின் வெப்பத்தை வைத்து விலங்கைக் காட்டும் கருவியோடு, பயிற்சிபெற்ற சிறு குழுக்கள் போகின்றன. தலையில் ஒரே குண்டு. அரசின் இறைச்சி ஆய்வாளர் ஒருவர் களத்திலேயே உடனிருப்பார். அமெரிக்காவில் சாதாரண வேட்டைக்காரர் தான் சுட்ட காட்டு இறைச்சியை விற்க முடியாது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் சந்தைக்காகச் சுட்டுச் சுட்டே காடுகளைக் காலிசெய்த அனுபவம் அவர்களுக்கு உண்டு. அயலிலிருந்து வந்த மான் என்பதாலும் ஆய்வாளரின் முத்திரை இருப்பதாலும் இந்த இறைச்சி மட்டும் கடைக்குப் போகிறது. கணக்குப்படி இது நல்ல வழி. ஒரு சந்தேகம் மட்டும் எனக்கு உண்டு. மானிறைச்சியில் பிழைக்கும் தொழில் ஒன்று நிலைபெற்றுவிட்டால், கடைசி மான் வரை சுடவேண்டும் என்று அந்தத் தொழில் விரும்புமா? கட்டுக்குள் வைப்பதில் அதற்கு லாபம். ஒழிப்பதில் இல்லை.

மொலோகாய்க்காரர்களுக்கும் மான் ஒழிவதில் விருப்பமில்லை. அவர்கள் காரணம் வேறு. அந்தத் தீவில் கூலிவேலை குறைவு, கடைச் சாமான்கள் கப்பலில் வருவதால் விலை அதிகம். 1990-களில் நடந்த ஒரு கணக்கெடுப்பில், அங்குள்ள ஹவாய்ப் பூர்வகுடிக் குடும்பங்களின் உணவில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் கடலிலும் காட்டிலும் தோட்டத்திலும் தாங்களே தேடிக்கொள்வது என்று தெரியவந்தது. அதில் மானிறைச்சிக்கு முக்கிய இடம். ஐந்து தலைமுறைகளாக அப்பாவும் மகனுமாக மான் சுட்டுப் பங்கிட்டுக்கொள்ளும் குடும்பத்திடம் போய், இது வந்தேறி விலங்கு, ஒழிக்கவேண்டும் என்றால், அவர்கள் நம்மை எப்படிப் பார்ப்பார்கள் என்று யோசித்துக்கொள்ளலாம். காட்டைக் காப்பவர்கள் போடும் வேலியை, தங்கள் சாப்பாட்டைச் சுற்றிப் போடும் வேலியாகவே அவர்களில் சிலர் பார்க்கிறார்கள். மேல்மலைக் காட்டில் மான் கூடாது, கீழ்ச்சரிவில் அளவோடு இருக்கட்டும் என்ற சமரசம்தான் நடைமுறையில் பேசப்படுகிறது.

மான்மேல் உள்ள ஆசை எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு ஒரு சம்பவம். ஹவாய் தீவுக்கூட்டத்தின் மிகப் பெரிய தீவில் மான் கிடையாது. 2011-இல் அங்கே தானியங்கிக் கேமரா ஒன்றில் புள்ளிமான் சிக்கியது. நீந்தி வந்திருக்க வாய்ப்பில்லை. விசாரித்ததில், 2009-இல் மௌயியிலிருந்து மான்களை ஹெலிகாப்டரில் ஏற்றிவந்து, பதிலுக்குக் காட்டுச் செம்மறிகளைக் கொண்டுபோயிருக்கிறார்கள் என்று தெரிந்தது. இரண்டு தீவிலும் வேட்டைக்குப் புதுச்சரக்கு வேண்டுமாம். சம்பந்தப்பட்டவர்கள் நீதிமன்றத்தில் குற்றத்தை ஒப்புக்கொண்டார்கள். 2012-இல் தீவுக்குத் தீவு மான் கொண்டுபோவதையே தடுக்கும் சட்டம் வந்தது. பெரிய தீவில் சில மான்களே இருந்தபோது தேடிச் சுட்டதால் வேலை கைமீறவில்லை. முதலில் போட்ட பென்சில் கணக்கில் ஐந்தாம் வருடத்துக்கும் நாற்பதாம் வருடத்துக்கும் உள்ள வேறுபாடு இதுதான்.

இதை இவ்வளவு விரிவாகச் சொன்னதற்குக் காரணம், இதே கதை நம் நாட்டுக்குள்ளேயே ஓடிக்கொண்டிருப்பது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஆங்கிலேயர் வேட்டைக்கென்று அந்தமானில் புள்ளிமான்களை விட்டார்கள். அங்கே புலி இல்லை, சிறுத்தை இல்லை, செந்நாய் இல்லை. குளம்புள்ள உள்ளூர் விலங்கு என்றால் காட்டுப்பன்றி ஒன்றுதான். மான்கள் நன்றாக நீந்தும். தீவுகளுக்கிடையே உள்ள குறுகிய கடலைத் தாண்டிப் பெரும்பாலான தீவுகளில் பரவிவிட்டன. மான் அதிகமுள்ள காடுகளில் தரையோரச் செடிகளும் மரக்கன்றுகளும் குறைந்து, அவற்றை நம்பியிருக்கும் பல்லி, ஓணான் வகைகளும் குறைந்திருப்பதை ஆய்வாளர்கள் பதிவுசெய்திருக்கிறார்கள். வேறெங்கும் காணமுடியாத ஊர்வன பலவும் வாழும் இடம் அது. சுற்றுலா போகும் நம்மவர்கள் முன்பு ரோஸ் தீவு என்றழைக்கப்பட்ட தீவில் இறங்கியதும் முதலில் செய்வது, இடிபாடுகளுக்கிடையே திரியும் அந்த மான்களுக்குப் பிஸ்கட் நீட்டிப் படமெடுத்துக்கொள்வது.

சென்னைக்காரர்களுக்கு இன்னும் பக்கத்தில் ஓர் உதாரணம் உண்டு. மூன்று சதுர கிலோமீட்டருக்கும் குறைவான கிண்டி தேசியப் பூங்காவையும் அதை ஒட்டிய வளாகங்களையும் சுற்றி நகரம் இறுக்கிவிட்டது. செந்நாயின் இடத்தை அங்கே தெருநாய் பிடித்திருக்கிறது. மற்றபடி வாகனமும், மான் வயிற்றில் சேரும் பிளாஸ்டிக் பையும். இவை மூன்றும் மான்களைக் கொல்கின்றன. ஆனால் வயதானது, நோயுற்றது, பலவீனமானது என்று பார்த்துக் கொல்வதில்லை. நகருக்குள் துப்பாக்கி பேசமுடியாது. அங்கே செய்யக்கூடியது குப்பையை மூடிவைப்பதும், வளாகத்துக்குள் வண்டி வேகத்தைக் குறைப்பதும், உணவு நீட்டாமல் இருப்பதும்தான். பெரிய அறிவியல் ஒன்றும் இதற்குத் தேவையில்லை.

அந்தமான் விஷயம் அப்படியில்லை. அங்கே யாராவது முடிவெடுத்தாக வேண்டும். வேட்டையை 1972-ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டம் தடைசெய்கிறது. இந்திய நிலப்பரப்பில் அது சரியான சட்டம். அது இல்லாவிட்டால் பந்திப்பூரில் ஜான்சிங் பார்த்த செந்நாய்க்கும் மானுக்கும் இன்று கதையே இருந்திருக்காது. முதுமலையில் மானைக் குறைக்க யாரும் துப்பாக்கி தூக்கவேண்டியதில்லை, அந்த வேலைக்கு அங்கே ஆள் இருக்கிறது. ஆள் இல்லாத தீவில் அதே சட்டம் மானைக் காப்பாற்றி, உலகில் வேறெங்கும் இல்லாத பல்லியைக் கைவிடுகிறது. என் கருத்தைக் கேட்டால், சிறிய தீவுகளில் இருந்து தொடங்கி, பிணைகளைக் கணக்கிட்டு, தேர்ந்த ஆட்களை வைத்துக் குறைப்பதே நேர்மையான வழி. மௌயி போல் இன்னும் காத்திருந்தால் செலவும் பெருகும், சாவும் பெருகும்.

2022-இல் சட்டத்தைத் திருத்தியபோது ஒரு வாசல் திறந்தது. ஆக்கிரமிக்கும் அயல் உயிரினங்களைக் கட்டுப்படுத்தும் அதிகாரத்தை அந்தத் திருத்தம் ஒன்றிய அரசுக்குக் கொடுத்தது. 2023 ஏப்ரலில் நடைமுறைக்கும் வந்தது. ஆனால் அயல் உயிரினம் என்றால் இந்தியாவைத் தாயகமாகக் கொள்ளாதது என்று அதே திருத்தம் வரையறுக்கிறது. புள்ளிமான் இந்திய மான். வங்கக்கடலில் ஆயிரம் கிலோமீட்டருக்கு மேல் தாண்டி, அதை ஒருநாளும் கண்டிராத ஒரு தீவில் கொண்டுபோய் விட்டாலும், சட்டத்தின் கண்ணில் அது அயல் விலங்கு ஆகாது.